ஆணியிலிருந்து இறக்கிய ரொட்டி

கொமூர்-சாய்,
அக்டோபர் 12

எர்மெக்,

உயிரோடு இருக்கும் என் அண்ணனை நீ செத்தவனாகக் காட்டிவிட்டாய்.

அம்மா நலம், நானும் நலம். பிஷ்கெக்கில் உன் வீட்டாரும் நலமாக இருக்கட்டும். போனை நீ எடுப்பதில்லை. முந்தைய கடிதத்துக்கும் பதில் இல்லை. அதனால் மறுபடி எழுதுகிறேன்.

கோடையில் நம் தெருவின் காலி வீடுகளை ஆவணப்படம் எடுக்க வந்தாய். எங்கள் வீட்டிலும் தேநீர் குடித்தாய். பிறகு, "அத்தை, கொஞ்சம் வெளிய நில்லுங்க, வெறும் ரூம்தான் வேணும்" என்றாயாம். "என் வீட்டுல நானே இடைஞ்சலாப் போயிட்டேனாடா?" என்று சிரித்துக்கொண்டே அம்மா வெளியே போனாள். அந்த நேரத்தில்தான் தாலாய் அண்ணனின் ரொட்டியைச் சுவர் ஆணியிலிருந்து இறக்கி ஜன்னலில் வைத்திருக்கிறாய். அங்கே வெளிச்சம் நன்றாக இருந்ததா?

நீ வெளியூர்க்காரன் இல்லை. ராணுவத்துக்குப் போகும்போது நீயும் ரொட்டியை ஒரு வாய் கடித்து, மீதியை ஆணியில் மாட்டிவிட்டுத்தான் போனாய். திரும்பி வந்து நீயே மீதியை இறக்கினாய். போனவனின் ரொட்டியை வேறொருவர் எப்போது இறக்குவார் என்பது உனக்குத் தெரியும். சாவுச் செய்தி வந்த பிறகு.

ரஷ்யாவில், நோவோசிபிர்ஸ்க்கில் கட்டட வேலை செய்யும் அண்ணனுக்கு யாரோ நீ எடுத்த படத்தை அனுப்பியிருக்கிறார்கள். தன் பல் பதிந்த ரொட்டி, ஆள் இல்லாத வீடு. உடனே கூப்பிட்டான். "ஒரு வருஷம் போன் பண்ணலைன்னா நான் செத்துட்டேனா? வீட்டையும் விட்டுட்டு எங்கடி போனீங்க? இனிமே நான் எங்க வர்றது?" நான் வாய் திறப்பதற்குள் வைத்துவிட்டான். இப்போது அந்த எண்ணே இல்லை.

படத்தைப் பார்த்தேன். ஒமுர்பெக் விட்டுப்போன வீட்டுச் சமையலறையில் முளைத்த வாதுமை மரம், கூரை ஓட்டை வழியே இறங்கும் வெயில், அடுக்கடுக்காக உரியும் நீலச் சுவர். அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் அந்த வீடுகள் தாமாக உதிரவில்லை. நிலக்கரிச் சுரங்கத்தை மூடினார்கள், நடுக்குளிரில் வெந்நீர்க் குழாயை நிறுத்தினார்கள், ஜனங்கள் ஜன்னலைக்கூடக் கழற்றிக்கொண்டு ஓடினார்கள். படத்தில் அந்த இடத்தில் நீ பின்னணியில் பியானோ வாசிக்க விட்டிருக்கிறாய்.

நாங்கள் ஓடவில்லை. கையால் கரி வெட்டி எங்கள் அடுப்பை நாங்களே எரிக்கிறோம். பள்ளிக்கூடம் நடக்கிறது, நான்தான் கணக்கு சொல்லித்தருகிறேன். போன வாரம் மணப்பெண் ஒருத்தி இந்தத் தெருவுக்கு வந்தாள். அம்மா இப்போது முன்சுவருக்கு வெள்ளையடிக்கிறாள். குளிர் வரப்போகிறதே, வேண்டாம் என்றேன். "ஆளில்லாத வீட்டுக்கு எவடி வெள்ளையடிப்பா? பாக்குறவன் பாக்கட்டும்" என்கிறாள். உன்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. அதை நான் பார்த்துக்கொள்கிறேன்.

அடுத்த மாதம் படத்தைப் பெரிய அரங்கில் போடுகிறாயாம். எங்கள் அண்ணனோடு இருப்பவர்களும் அதைப் போனிலாவது பார்ப்பார்கள், அவனுக்கும் காட்டுவார்கள். அதற்கு முன் காமிராவை எடுத்துக்கொண்டு வா. ரொட்டி மறுபடி ஆணியில் தொங்குகிறது. அதன் கீழே அம்மா உட்காருவாள், அவன் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவாள். ஒரு நொடியும் வெட்டாமல் அதைப் படத்தில் சேர்.

உன் வழியெல்லாம் வெளிச்சமாக இருக்கட்டும். எந்த நாள் வருகிறாய், எழுது.

அய்ஜமால்