திரைக்குட்டியின் முழுப் பொருள்

அன்புள்ள அப்பா,

வீட்டில் மட்டும் புழங்கும் சொல் ஒன்றுக்குப் பொருள் எழுதிவரச் சொன்னார் தமிழ் டீச்சர். நான் 'திரைக்குட்டி' என்று எழுதினேன். கைபேசி விளையாட்டில் நாம் இருவரும் சேர்ந்து வளர்க்கும் முயலுக்கு நீங்கள் உண்டாக்கிய சொல்.

"அகராதியிலேயே இல்லையேம்மா!"

"எங்க வீட்டு அகராதியில இருக்கு டீச்சர்" என்றேன். வகுப்பே சிரித்தது. எந்த வீடு என்று நல்லவேளை யாரும் கேட்கவில்லை.

நேற்று உங்களை அழைத்தபோது, உங்கள் புது வீட்டுச் சின்னப் பெண்தான் எடுத்தாள். "அப்பா குளிக்கிறாங்க. நீங்க திரைக்குட்டி அக்காதானே?" என்றாள். அந்தச் சொல்லை நம்மைத் தவிர வேறு யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

"அப்படின்னா என்னன்னு தெரியுமா?"

"ஓ, தெரியுமே! போனுக்குள்ள இருக்குற முயல். ஆனா நான் தொடக் கூடாதாம். ரெண்டு பேர்தான் வளர்க்க முடியுமாம்." பிறகு, அது என்ன சாப்பிடும் என்று மெல்லக் கேட்டாள்.

அவளுக்குப் பாதிப் பொருள்தான் சொல்லியிருக்கிறீர்கள் அப்பா. ஒருவர் மறந்தால் மற்றவர் தீனி வைக்கும் குட்டி என்பதுதான் முழுப் பொருள். நீங்கள் போனதிலிருந்து உங்கள் முறைக்கும் நானே வைத்துவந்தேன். அது இளைக்கவே இல்லை. அதனால் நீங்கள் மறந்தது உங்களுக்கே தெரிந்திருக்காது.

இன்று விளையாட்டிலிருந்து என் பெயரை எடுத்துவிட்டேன். அந்த இடத்தில் அவளைச் சேர்த்துவிடுங்கள். கேரட் கொடுத்ததும் தலையைத் தடவிவிடச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் அது தூங்காது. சின்னப் பெண், சில நாள் மறந்துபோவாள். அன்றைக்கு நீங்கள் வையுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் மூத்த மகள்