அடுப்பில் கொத்துக்கறி இருக்கிறது

பரிமளா,

குச்சிக்கிழங்கு லோடு ஏற்ற லாரி வந்துவிட்டது, கிளம்புகிறேன். அடுப்பில் மாட்டுக்கறி இருக்கிறது. பயப்படாதே, நான் செய்ததுதான். அடிவாரத்துக் கடையில் கொத்தியே வாங்கி வந்தேன். உன் அக்காவிடம் போனில் கேட்டுக் கேட்டு, சின்ன வெங்காயமும் நம் தோட்டத்து மிளகும் போட்டு வதக்கினேன். குழம்பு தண்ணியாகிவிட்டது. கிண்ணத்தில் தேங்காய் அரைத்து வைத்திருக்கிறேன், ஊற்றி ஒரு கொதி விடு. சோறு வடித்தாயிற்று.

ஞாயிற்றுக்கிழமை நீ ஆசையாகக் கேட்டபோது, "இந்த ஊட்டுல அதெல்லாம் ஆகாது" என்று கத்தியது என் தப்பு. கல்யாணமான எட்டு வருடத்தில் அந்த ஒரு தடவைதான் கேட்டிருக்கிறாய்.

கறிக்கென்று தனியாக ஒரு மண்சட்டி வாங்கி, வெளியே அடுப்பு மூட்டினேன். அம்மா சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்து வந்துவிட்டாள்.

"ஆஸ்பத்திரியில நாப்பது நாளு அவ கையாலதானே சாமி எனக்குக் கஞ்சி ஊட்டுனா. இப்ப அவளுக்குச் சட்டி மட்டும் தனியா? உள்ள வந்து ஆக்கு" என்று நம் குழம்புச் சட்டியை எடுத்துக் கொடுத்தாள்.

அந்த நாற்பது நாளுக்கு நான் உன்னிடம் ஒரு வார்த்தை சொன்னதில்லை. நேரில் சொன்னால் சிரிப்பாய், அதனால் எழுதுகிறேன். நன்றி கண்ணு.

தரணிதரன்

புதுச் சட்டியைத் தேடாதே. அம்மா அடியில் ஓட்டை போட்டுப் புதினா நட்டுவிட்டாள்.

இன்னொன்று: அம்மா கறி தொடமாட்டாள், அவளுக்கு ரசம் இருக்கிறது. ஆனால் உன் பக்கத்தில் உட்கார்ந்துதான் சாப்பிடுவாளாம். இரண்டு தட்டு கழுவி வைத்திருக்கிறேன்.