நடுத்தண்ணீர்

மார்ச் 6, வியாழன்

பனி. கார்க் கண்ணாடியைச் சுரண்டி விரல் விறைத்துப் போனது. வேலைக்குப் பிந்தினேன். சுப்பவைசரின் முகத்தைப் பார்க்காமல் உள்ளே.

சனிக்கிழமை மெக்சிக்கோ. இவரின் யூனியன்வில் நண்பர் போன வருடம் கான்குன் போய்வந்து, எங்களை இருத்தி வைத்து முழு வீடியோவையும் காட்டினார். அன்றிலிருந்து இவருக்கு நித்திரை இல்லை. புது வீடியோக் கமெரா வேறு. சுவர், சோபா, என் முதுகு எல்லாம் எடுத்துப் பழகுகிறார்.

பெட்டியில் மாமி இதுவரை வைத்தது: ரைஸ் குக்கர், சிவப்பரிசி, மிளகாய்த்தூள், விபூதி, கம்பளிச் சால்வை.

“மாமி, அங்கை வெய்யில்.”

“வெய்யில் எண்டாலும் பின்னேரம் குளிரும் பிள்ளை.”

மகனோ தாய்க்கு ஒரு சொல் சொல்லமாட்டார். கமெராவின் பற்றரியைச் சார்ஜில் போட்டுவிட்டுப் படுத்துவிட்டார்.

நான் வைத்தது: உள்பாவாடைக்குள் சுருட்டி, கடும் நீல நீச்சல் உடுப்பு.

மார்ச் 7, வெள்ளி

லீவு சொல்லியாயிற்று. குளிர்சாதனப் பெட்டி துடைத்தாயிற்று. வழிக்கு ரொட்டியும் இடிச்ச சம்பலும் செய்தாயிற்று. நாரி முறிகிறது.

தர்சி மட்டும் கேட்டாள்: “அம்மா, அப்பாட்டச் சொல்லிட்டீங்களா? ஸ்விமிங் பற்றி?”

இல்லை. செப்டெம்பரில் இருந்து செவ்வாய்க்கிழமைகளில் மோர்னிங்சைட் பக்கத்து நீச்சல் தடாகத்தில் பெண்களுக்கான வகுப்பு. இவருக்கு நான் சொன்னது கொம்பியூட்டர் வகுப்பு. சொன்னால் முதலில் ‘எங்கட ஆக்கள் கண்டால் என்ன கதைப்பினம்’ என்பார். அடுத்தது ‘இந்த வயசில ஏன்’ என்பார். முதல் கேள்விக்கு வாய் காட்டலாம். இரண்டாவதற்குத்தான் என்னால் முடியாது.

ஏன் என்றால்: 92இல் சண்டைக்குள் ஊரைவிட்டு வெளிக்கிட்டபோது கிளாலியில் படகு. இருட்டு. நடுக் கடலேரியில் படகு சரிந்து, கணுக்கால் அளவு தண்ணீர் உள்ளே வந்தது. தர்சி என் கழுத்தைக் கட்டியிருந்தாள். கவிழ்ந்தால் என்னால் இவளைத் தூக்கிப் பிடிக்க முடியாது, நானே கல்லுப்போலத் தாழ்ந்துவிடுவேன் என்று நினைத்தேன். அந்த நினைப்பு இன்னும் போகவில்லை. இவர் அப்போதே கனடாவில், இந்த ஸ்காபரோவில். ரெலிபோனில் “வந்து சேர்ந்திட்டீங்கள்தானே, பிறகென்ன” என்றார். அதற்குப் பிறகு ஒருநாளும் கேட்கவில்லை.

தடாகத்தில் அடி தெரிகிறது. நீலக் கோடு போட்டிருக்கிறார்கள். அடி தெரியாத தண்ணீரில் ஒரு தரம் கிடக்கவேண்டும். பகலில். என் பாட்டில். எனக்கு இந்தப் பயணத்தில் வேறொன்றும் வேண்டாம்.

மார்ச் 8, சனி. கான்குன்

நாலு கனடாப் பாஸ்போர்ட். ஒருத்தனும் ஒரு கேள்வி கேட்கவில்லை. இவர் பயந்து பயந்து வைத்திருந்த பழைய அகதிக் கடுதாசிக் கட்டைத் திறக்கவே தேவையில்லை. ரைஸ் குக்கரைத்தான் திறந்து பார்த்தார்கள்.

ஹோட்டல் அறையில் மாமி சோறு காய்ச்சினா. பியூஸ் போய்விட்டது. மாடி முழுக்க இருட்டு.

மார்ச் 9, ஞாயிறு

கடலில் சிவப்புக் கொடி. இறங்க விடவில்லை. ஹோட்டல் தடாகம் முழுக்கப் பியர் கிளாசும் ஆட்களும். நாளைக்கும் அலை என்கிறார்கள்.

கீழே மேசை போட்டிருந்த பெண்ணிடம் செவ்வாய்க்கிழமைப் பயணம் பதிந்தோம். மாயாக்காரரின் பழைய கோயில், மத்தியானச் சாப்பாடு, பிறகு குளிக்க ஒரு நிலத்தடிக் குளம். படத்தைப் பார்த்தேன். பெரிய கிணறு மாதிரி. மேலே வட்டமாக வானம், வேர்கள் தொங்குகின்றன. ஆழம் எவ்வளவு என்று கேட்டேன். அவள் சிரித்துக்கொண்டு கையை விரித்தாள்.

இதுதான். இங்கேதான்.

மார்ச் 12, புதன்

நேற்று எழுதக் கை வரவில்லை. இன்று எல்லாரும் படுக்கை. நான் பல்கனியில்.

விடியமுதல் பஸ். வழிகாட்டி பெயர் ஹோசே. நல்ல பெடியன், பொறுமைசாலி. நேற்று அவனுக்கு அந்தப் பொறுமை முழுக்கத் தேவைப்பட்டது.

கோபுரம் பெரிதுதான். நாலு பக்கமும் படி. ஏறலாம் என்றான் ஹோசே. இவர் கமெராவோடு தயார். அதற்குள் மாமி செருப்பைக் கழற்றிவிட்டா.

“மாமி, இது பூசை நடக்கிற கோயில் இல்லை.”

“சாமி இருந்த இடந்தானே? செருப்போட ஏறுறதோ? நீங்களும் கழட்டுங்கோ.”

இவர் கழற்றினார். நான் கழற்றினேன். தர்சி “நோ வே” என்றுவிட்டு மரநிழலுக்குப் போய்விட்டாள். ஏறினால்கூடப் பரவாயில்லை. ஏறவில்லை. கோயில் என்றால் முதலில் சுற்றிக் கும்பிடவேண்டுமாம். வெள்ளைக்காரர் எல்லாரும் பார்த்துக்கொண்டு நிற்க, கொதிக்கிற தரையில் நாங்கள் மூன்று பேரும் வலமாகச் சுற்றினோம். ஒரு சுற்றோடு நிற்பா என்று பார்த்தேன்.

“ஒண்டோட விடக்கூடாது. மூண்டு சுத்தவேணும்.”

ஜேர்மன்காரர் ஒருவர் எங்களைப் படம் எடுத்தார். ஹோசே மணிக்கூட்டைப் பார்த்தான். மூன்றாவது சுற்றில் மாமி நொண்டத் தொடங்கினா. இரண்டு பாதமும் கொப்பளம். எங்கள் பாதங்களும் சுட்டதுதான், ஆனால் எங்களை ஆர் கேட்டது? ஹோசே ஐஸ் கொண்டுவந்தான். பஸ் முழுக்க வெயிலில் காத்திருந்தது. ஏறும்போது ஒருத்தரும் எங்கள் முகத்தைப் பார்க்கவில்லை.

மத்தியானச் சாப்பாட்டில் நாங்கள் அங்கே தந்த வெறும் ரொட்டியும் எங்கள் சம்பலும். தர்சியும் அதேதான், என் பக்கத்தில் இருந்து. எதிர் மேசையில் ஹோசே மாட்டிறைச்சி சுற்றிய ரொட்டி சாப்பிட்டான். மாமி அதைக் கண்ணெடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தா.

பிறகு அறிவித்தான்: நேரம் போய்விட்டது, குளத்தில் கொஞ்ச நேரந்தான். எனக்கு அழுகை வந்தது. உண்மையாகவே வந்தது. சுரிதாருக்குள் நீல உடுப்பு விடியற்காலையில் இருந்து வியர்வையில் ஒட்டிக்கொண்டு கிடக்கிறது.

குளத்தடியில் இவர் சொன்னார்: “இஞ்சரும், நீர் அம்மாவோட மேலை இரும். நான் இறங்கி வீடியோ எடுத்துக்கொண்டு வாறன்.”

மாமியின் செருப்பு, மாமியின் பை, மாமியின் கம்பளிச் சால்வை எல்லாம் என் மடியில். எறிந்துவிடலாம்போல இருந்தது.

மாமிதான் விடவில்லை. வழியில் ஹோசே சொல்லியிருந்தான், மாயாக்காரருக்கு இந்தக் கிணறுகள் புனிதமானவை என்று. அது போதும். “அப்ப தீர்த்தம். நான் இறங்கவேணும்.” இவரும் ஹோசேயும் இரண்டு பக்கமும் பிடித்துப் படிப்படியாக இறக்கினார்கள். நான் பின்னால் செருப்போடு.

கடைசிப் படியில் இருந்து, கொப்பளக் காலைத் தண்ணீருக்குள் விட்டுக்கொண்டு மாமி வெறும் சோடாப் போத்திலை எடுத்தா.

“இந்த ஓரத்துத் தண்ணி வேண்டாம். எல்லாற்ற காலும் பட்டது. நடுவில போய் ஆரும் எடுத்துத் தாங்கோ. வீட்டுச் சாமிக்கு.”

ஹோசே கை நீட்டினான். மாமி போத்திலைப் பின்னுக்கு இழுத்தா. “உவன் மத்தியானம் மாடு திண்டவன்.”

இவருக்கு நீந்தத் தெரியாது. செம்மஞ்சள் மிதவைச் சட்டை போட்டு, மரத்தட்டில் ஒரு கையால் கம்பியையும் மறு கையால் கமெராவையும் பிடித்துக்கொண்டு நின்றார்.

“அப்ப தர்சி போகட்டும். பள்ளிக்கூடத்தில பழகினவள்தானே,” என்றா மாமி.

தர்சி என்னைப் பார்த்தாள். பிறகு அப்பம்மாவைப் பார்த்தாள்.

“சொறி அப்பம்மா. ஐ கான்ட். மத்தியானம் நானும் பீஃப் சாப்பிட்டனான்.”

பச்சைப் பொய். மாமி நெஞ்சில் கை வைத்தா. இவர் வாயைத் திறந்தார். அந்தக் கலவரத்துக்குள் நான் எழும்பினேன்.

“நான் போறன்.”

“நீரோ? உமக்கு எங்கை நீந்தத் தெரியும்?”

“தெரியும்.”

சுரிதாரைக் கழற்றி மாமியின் சால்வைக்கு மேலே போட்டேன். இவர் முகத்தைப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் இறங்கியிருக்கமாட்டேன்.

குளிர். மூச்சு நின்றுவிட்டது. பிறகு கை தானாக வேலை செய்தது. கறுப்புக் குட்டி மீன்கள். கீழே பார்த்தேன், ஒன்றும் இல்லை. நீலம், அதற்குக் கீழே கறுப்பு. அடி இல்லை. நடுவில் போத்திலை அமுக்கினேன். பாதி நிரம்பியதும் மூடிவிட்டேன், மீதிக்குப் பொறுமை இல்லை. மல்லாந்து படுத்தேன். மேலே வட்ட வானம். காது தண்ணீருக்குள். தண்ணீர் என்னைப் பிடித்திருந்தது. தாழவில்லை. சந்தோசமாக இருந்தேன், வேறு சொல் தெரியவில்லை. தர்சியின் கைகளைக் கழுத்தில் நினைத்துப் பார்த்தேன். இப்போது இவளையும் தூக்கிக்கொண்டு கரைக்கு வந்திருப்பேன்.

தூரத்தில் இவர் கத்துவது சொல் விளங்காமல் கேட்டது. கோபம் என்று நினைத்தேன். கத்தட்டும் என்று இன்னும் கொஞ்சம் கிடந்தேன்.

கரைக்கு வந்து போத்திலைக் கொடுத்தேன்.

“அரைப் போத்தில்தான் கிடக்குது பிள்ளை.”

இவர் துவாயைத் தர்சியிடம் கொடுத்து என்னிடம் கொடுக்கச் சொன்னார். பஸ்ஸில் தனியாக முன் இருக்கையில் போய் இருந்தார். இன்றும் பேச்சில்லை.

மார்ச் 15, சனி

வீடு. பனி இன்னும் இருக்கிறது. உடுப்பு மலைபோல. சிவப்பரிசி பெட்டிக்குள் கொட்டுண்டு சீலையெல்லாம் அரிசி. மாமியின் கால் ஆறிவருகிறது. போத்தில் சாமியறையில். காலையில் அறை அறையாகத் தெளிக்கிறா. என் தலையிலும் கொஞ்சம்.

மார்ச் 16, ஞாயிறு

யூனியன்வில் நண்பரை வீடியோ பார்க்கக் கூப்பிட்டிருக்கிறார், என்னிடம் ஒரு சொல் சொல்லாமல். ரோல்ஸ் பொரித்தேன். ரீ ஊற்றினேன். ஹோட்டல் வாசல். ஹோட்டல் படிக்கட்டு. பஸ் சில்லு. நண்பர் கொட்டாவி விட்டார். பழிக்குப் பழி.

பிறகு குளம். நான் இறங்குவது தெரிந்தது. அதோடு படம் கவிழ்ந்துவிட்டது. மரப்பலகை, இவரின் கால் விரல்கள், செம்மஞ்சள் வார். படம் அவ்வளவுதான். சத்தம் மட்டும் ஓடியது.

“வசந்தி! வசந்தி! ஆராவது பிடியுங்கோ அவளை... வசந்தி, வா அம்மா, காணும், வா...”

கலியாணம் கட்டிய நாளில் இருந்து நான் ‘இஞ்சரும்’தான். இந்த மனிசன் வாயில் என் பெயரை நான் கேட்டதே இல்லை. கோபம் இல்லை அது. குரல் உடைந்து, சின்னப் பிள்ளை அழுகிறமாதிரி.

இவர் எழும்பி நிறுத்திவிட்டார். நண்பர் ரீயைக் குடித்தார். “கமெரா நல்ல கமெரா” என்றார். எனக்கு ரோல்ஸ் தட்டைத் தூக்கிக்கொண்டு குசினிக்குப் போகத்தான் தெரிந்தது.

மார்ச் 18, செவ்வாய்

மழையும் பனியும் கலந்து. தெருவெல்லாம் சேறு.

வேலை, சமையல், பாத்திரம். வகுப்புக்கு இறங்கும்போது துவாயை ஒளிக்கவில்லை. பையின் மேலேயே வைத்தேன். இவர் சோபாவில்.

“உமக்குப் பயமா இருக்கேல்லையோ? அந்தத் தண்ணிக்குள்ள.”

போன செவ்வாய்க்கிழமையில் இருந்து வாயைப் பூட்டி வைத்திருந்த மனிசன், நான் சப்பாத்துப் போடும்போதுதான் திறக்கிறார்.

“அங்கை இல்லை. படகிலதான் பயந்தனான்.”

“எந்தப் படகு?”

எந்தப் படகாம்! பையை எறிந்திருப்பேன். பிறகு அவர் முகத்தைப் பார்த்தேன். தெரிந்துகொண்டுதான் கேட்கிறார். ரீவியை நிற்பாட்டினார்.

“சொல்லுமன்.”

ஐந்து வருடம் காத்திருந்த கேள்வி. வகுப்புக்கு நேரமாகிவிட்டது.

“வந்து சொல்லுறன்,” என்றேன். போனேன். பத்துத் தரம் குறுக்கே நீந்தினேன்.

திரும்பி வந்தால் ரீவி போடவில்லை. மேசையில் சோறு மூடியபடி, சாப்பிடவில்லை. இவர் அதே இடத்தில். பக்கத்தில் மடித்த துவாய் ஒன்று.

“முதல்ல தலையைத் துவட்டு, வசந்தி.”

துவட்டினேன். சொன்னேன்.