வியாழக்கிழமை மெழுகுவர்த்தி

என் செல்ல மகளுக்கு,

'இளம் பிரிட்டிஷ் பாடகி' என்று பேப்பரில் உன் படம் வந்திருக்கிறது. நம்ம விவேக் நகர்ப் பெண் என்று போடவில்லையே என்று அப்பாவுக்குக் கோபம்.

நேற்று நான் ஏறிய ஆட்டோவில் உன் பாட்டு ஓடியது. "யாருப்பா பாடறது?" என்று தெரியாதவள்போலக் கேட்டேன்.

"லண்டன் பொண்ணும்மா. சக்கத்தா பாடுது, சூப்பரு!"

வீடு வந்தும், பாட்டு முடியும்வரை நான் இறங்கவில்லை.

லண்டனில் நர்ஸ் படிப்பை விட்டு, இருபது பேர் முன்னால் நீ பாடத் தொடங்கிய நாள்முதல், வியாழன் தவறாமல் குழந்தை இயேசு கோயிலில் உனக்காக மெழுகுவர்த்தி ஏற்றினேன். சீக்கிரம் திரும்பிவிடுவாய் என்று உன் கட்டிலுக்குப் புது மெத்தைகூட வாங்கிப் போட்டேன். என்ன வேண்டிக்கொண்டேன் என்று மட்டும் கேட்காதே.

குழந்தை இயேசு அதைக் கொடுக்கவில்லை. அதற்கு நன்றியாக, இந்த வியாழன் இருப்பதிலேயே பெரிய மெழுகுவர்த்தியாகப் பார்த்து வாங்கி ஏற்றினேன்.

உன் பாட்டை முழுசாகக் கேட்ட
அம்மா