சால்மோனிட் என்றால் சால்மன்தான், மாமா

மார்ச் 3

இதனால் இவ்வீட்டிலும் வீட்டைச் சுற்றியும் வாழும் சகல ஜீவராசிகளுக்கும் அறிவிக்கப்படுவது யாதெனில்: இன்று காலை ஏழு மணி பத்து நிமிடத்துக்கு, குளியலறைக் கண்ணாடியின் முன்னிலையில், என் மேலுதட்டின் இடப்பக்கத்தில் ஐந்தாவது முடி உதயமானது. முடி நலம். உதடும் நலம்.

அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். "மூஞ்சியைக் கழுவு, போயிடும்" என்றாள். ரசனை கெட்ட வீடு.

இரண்டாவது செய்தி கொஞ்சம் சின்னது. பள்ளியில் விலங்கியல் வினாடி வினா, முதல் பரிசு எனக்கு. மாமா சான்றிதழைத் தலைகீழாகப் பிடித்துப் பார்த்துவிட்டு, "அகராதின்னு உனக்குப் பேரு வெச்சவன் நான். பட்டமா குடுத்துட்டாங்க பாரு" என்றார். அகராதி என்பது புத்தகத்தையும் சொல்லும், திமிரையும் சொல்லும். மாமா இரண்டையும் சேர்த்துத்தான் கூப்பிடுகிறார்.

மார்ச் 6

மாமா லாரியின் பின்னால் நான் ஒட்டிய அட்டை இரண்டு நாள் ஊர் சுற்றி வந்திருக்கிறது. "உள்ளே நீச்சல் வீரர்கள் உறங்குகிறார்கள். ஹாரன் அடிக்காதீர்." பின்னால் வந்தவர்கள் எல்லாம் சிரித்துக்கொண்டே முந்திப் போக, மாமா தான் ஓட்டும் அழகைப் பார்த்துத்தான் சிரிக்கிறார்கள் என்று நினைத்தாராம்.

"உன்னை ஒருநாள் தொட்டியில போட்டு மூடி, ஆக்சிஜனையும் திருகிடுவேன்டா."

ஆனால் அட்டையைக் கிழிக்கவில்லை, பார்த்தேன். இருக்கைக்குப் பின்னால் வைத்திருக்கிறார். லாரி என்றால் அவருக்கு உயிர். இரண்டு வருடம் வேலையில்லாமல் எங்கள் வீட்டு நாற்காலியில் உட்கார்ந்தே தேய்ந்தவர். அம்மா ட்ரவுட் மீன் பண்ணையில் முட்டை அறைப் பொறுப்பாளர். மேனேஜரிடம் தம்பிக்காக நடையாய் நடந்துதான் பண்ணையின் இந்த மீன் தொட்டி லாரியை ஓட்டும் வேலையை வாங்கிக் கொடுத்தாள். அப்பா போன பிறகு வீட்டில் நாங்கள் மூன்றே பேர். அதில் இரண்டு பேர் சம்பளம் மீனிடமிருந்து வருகிறது. மூன்றாமவன் அறிவு தருகிறான்.

மார்ச் 9

மாமா மதியம் சாப்பிட வந்தவர், கைகூடக் கழுவாமல் ஒரு காகிதத்தை என் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தார். மீன்வளத் துறை முத்திரை. மேல்பள்ளத்தாக்கில் நோய் கண்டிருப்பதால், மறு உத்தரவு வரும்வரை அங்கிருந்து சால்மோனிட் மீன்களையோ, முட்டைகளையோ, அவை இருந்த தண்ணீரையோ வெளியே கொண்டுபோகக் கூடாது.

நாளைக்கு மாமா போக வேண்டியதே அங்கேதான். நாற்பதாயிரம் ட்ரவுட் குஞ்சுகளை ஏற்றி வர. மேனேஜர் தன் மகளின் பிரசவத்துக்காக வெளியூர் போயிருக்கிறார், போன் எடுக்கவில்லை. அம்மா முட்டை அறையில்.

"அகராதி, இது என்னடா சால்மோனிட்? நம்ம மீனையும் சேர்த்துச் சொல்றாங்களா?"

"சால்மோனிட்னா சால்மன்தான் மாமா. அதே ஆளு, கோட்டு சூட்டு போட்டுக்கிட்டு வந்திருக்கான். விஞ்ஞானிங்க வாயில நுழைஞ்சா எந்தப் பேருக்கும் ஒரு டை கட்டித்தான் அனுப்புவாங்க."

சிரித்தார். அப்புறம் சிரிப்பை நிறுத்திக்கொண்டு, "விளையாடாதே. நிஜமா கேக்கறேன்" என்றார்.

"நம்ம பண்ணையில சால்மன் இருக்கா?"

"ஒண்ணுகூட இல்ல. எல்லாம் ட்ரவுட்."

"பக்கத்து வீட்டுக்காரனுக்கு வந்த கடுதாசிக்கு நீங்க பதில் போடுவீங்களா?"

"புத்தகத்துல பார்த்துத்தானே சொல்றே?"

"பார்த்தாச்சு மாமா. பரிசு சும்மாவா குடுத்தாங்க?"

பார்க்கத்தான் இல்லை. பார்த்து என்ன ஆகப் போகிறது? வார்த்தையின் நெற்றியிலேயே விலாசம் எழுதியிருக்கிறதே.

மார்ச் 10

வந்து சேர்ந்தன நாற்பதாயிரமும். மேல்பண்ணைக்காரர்களும் அதே காகிதத்தை மடித்து ஜன்னல் இடுக்கில் செருகி வைத்திருந்தார்களாம். வழியில் சோதனைச் சாவடியில் காவலர் தடுப்பைப் பிடித்துக்கொண்டு கேட்டிருக்கிறார்: "சால்மனா?"

"இல்லீங்க, ட்ரவுட்."

"அப்ப போங்க."

அரசாங்கமும் என் கட்சி. ஒருவேளை நான் பெரிய பதவிக்கு வந்தால் இந்த நாட்குறிப்பைக் கண்ணாடிப் பெட்டியில் வைப்பார்கள்.

மார்ச் 13

கணக்குப் பரீட்சை. நான் அதை எழுதவில்லை, அது என்னை எழுதியது.

மார்ச் 18

அம்மா வந்ததும் செருப்பைக் கழற்றாமல் வாசலிலேயே நின்றாள். "மூணாம் தொட்டிக் குஞ்செல்லாம் கறுத்துப் போச்சு. தீனி போட்டா வாயே திறக்கல. தண்ணி வெளியே போற வலையில போய்ச் சாஞ்சிக்கிட்டு நிக்குது."

மூன்றாம் தொட்டியில் இருப்பது மாமா கொண்டுவந்தவை.

"பயண அலுப்பா இருக்கும்க்கா" என்றார் மாமா. எட்டு நாள் அலுப்பு உண்டா?

மார்ச் 20

அம்மாவுக்குச் சாப்பாடு கொண்டுபோனேன். பார்த்திருக்க வேண்டாம். என் சுண்டுவிரல் நீளம்கூட இல்லாத குஞ்சுகள். கண் பிதுங்கி வெளியே நிற்கிறது. வயிறு உப்பி, பின்னால் வெள்ளையாக ஒரு நூல் தொங்குகிறது. சில திடீரென்று வெறிபிடித்த மாதிரி சுழன்று சுழன்று நீந்திவிட்டு அப்படியே பக்கவாட்டில் சாய்கின்றன. நான்காம் தொட்டியிலும் ஆரம்பித்துவிட்டது. மூன்றின் தண்ணீர்தான் நான்குக்குப் போகிறது.

காலை வரை செத்ததை எண்ணிக்கொண்டிருந்தார்களாம். இப்போது எண்ணுவதில்லை. வாளியில் அள்ளி எடை போடுகிறார்கள்.

ஒரு ஜோக்கும் வரவில்லை. தேடிப் பார்த்தேன்.

மார்ச் 22

மீன் டாக்டரம்மா வந்தார். மாமா சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

டாக்டரம்மா கையுறையோடு ஒரு குஞ்சைக் கிழித்துப் பார்த்துக்கொண்டே, "இது எங்கேருந்து வந்தது?" என்று கேட்டார். மாமா சொன்னார். அவர் நிமிர்ந்தார். "அறிவிப்பு கிடைக்கலையா உங்களுக்கு?"

"கிடைச்சதுங்க. அது சால்மனுக்கு. எங்களுது ட்ரவுட்."

டாக்டரம்மா கோபப்படவில்லையாம். கையுறையைக் கழற்றிவிட்டு மெதுவாகத்தான் சொன்னாராம். "சால்மோனிட்டுங்கறது ஒரு மீனோட பேரு இல்லீங்க. குடும்பப் பேரு. சால்மன், ட்ரவுட், எல்லாம் அதுக்குள்ள வரும். மூத்தவன் பேரைப் போட்டு 'குடும்பத்தோட வரணும்'னு எழுதினா, தம்பி எனக்கு வரலைன்னு சொல்லுவானா?"

மாமா இதைச் சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவேயில்லை. சுவரைப் பார்த்துக்கொண்டே சொன்னார். அம்மா அடுக்களையிலிருந்து, "பத்து வருஷமா ட்ரவுட் முட்டையோட குடித்தனம் பண்றேன். எங்ககிட்ட ஒருத்தரும் அந்த வார்த்தையைச் சொன்னதில்லையே" என்றாள்.

மாமா என்னிடம் கேட்டார் என்பது அவளுக்குத் தெரியாது.

மார்ச் 23

பள்ளி நூலகம். பச்சை அட்டை போட்ட தடிப் புத்தகம். அந்தச் சொல்லைக் கண்டுபிடிக்க நான்கு நிமிடம்கூட ஆகவில்லை.

சால்மன், ட்ரவுட், சார் (மீனுக்கும் சார் பட்டம் உண்டு), கிரேலிங், வெள்ளைமீன். எல்லாம் ஒரே குடும்பம். முதுகுத் துடுப்புக்கும் வாலுக்கும் நடுவில் முள்ளில்லாத சின்னச் சதைத் துடுப்பு ஒன்று இருக்கும், குளிர்ந்த சுத்தமான தண்ணீர்தான் வேண்டும் என்றெல்லாம் போட்டிருக்கிறது. கீழே ஒரு வரி: நோய், சட்டம், மீன்பிடித் தடை பற்றி எழுதும்போது இந்தக் குடும்பத்தை மொத்தமாகக் குறிக்கவே இச்சொல் பெரிதும் பயன்படுகிறது.

ஏன் மொத்தமாக? இந்த நோயின் வைரஸ் ஆளைப் பார்ப்பதில்லை, வம்சத்தைப் பார்க்கிறது. அதனால்தான். ஒரு மீனின் பேரை எழுதினால் நம்மைப் போன்ற புத்திசாலிகள் இன்னொரு மீனை ஏற்றிக்கொண்டு போய்விடுவோம் என்று தெரிந்தே எழுதியிருக்கிறார்கள்.

புத்தகத்தில் கடைசியாக இரவல் போன தேதி முத்திரை: மூன்று வருடம் முன்பு.

மார்ச் 25

எல்லாவற்றையும் அழிக்க உத்தரவு. நோய் வந்த தொட்டிகள் மட்டுமில்லை. எல்லாம். ஒரே வலை, ஒரே வாளி, ஒரே பூட்ஸ் எல்லா இடமும் போய் வந்திருக்கிறது.

முட்டை அறையும்.

முட்டைகள் கண் வைத்திருந்தன. உள்ளே இரண்டு கறுப்புப் புள்ளி தெரியும், தட்டைத் தொட்டால் துள்ளும். இன்னும் பத்து நாளில் பொரிந்திருக்கும். அம்மா யாரையும் தொட விடவில்லையாம். ஒவ்வொரு தட்டாகத் தானே எடுத்து மருந்துப் பீப்பாயில் கவிழ்த்தாளாம். மதியத்துக்குள் முடிந்துவிட்டது. பிறகு ஆறு வருடமாக வளர்த்த தாய் மீன்கள். அதற்கு அவள் வெளியே வந்துவிட்டாள்.

வந்ததும் குளித்தாள். ரொம்ப நேரம். வெளியே வந்து என்னிடம், "சாப்பிட்டியா?" என்றாள். அதைக் கேட்காமல் ஒரு அடி கொடுத்திருக்கலாம். ஆனால் எதற்கு அடிப்பாள்? அவளுக்குத் தெரியாதே.

மார்ச் 27

மாமாவுக்கு விசாரணைக் கடிதம். வேலை நிறுத்திவைப்பு. "தடை உத்தரவைத் தெரிந்தே மீறினார்" என்று எழுதியிருக்கிறது. தெரிந்தே என்ற அந்த ஒரு வார்த்தை நின்றால் போலீஸ் வழக்கு, லைசென்ஸ் ரத்து. லைசென்ஸ் போனால் மாமா மறுபடியும் நாற்காலிதான்.

முதல் விசாரணையில் மேனேஜர் கேட்டிருக்கிறார்: "அர்த்தம் புரியலைன்னா யார்கிட்டயாவது கேட்டிருக்கலாமே. கேட்டியா?"

"யார்கிட்டயும் கேக்கல சார்."

கொல்லைப்புறம் போய் அவரைப் பிடித்தேன். "என்னைக் கேட்டதை ஏன் மாமா சொல்லல?"

"என்னத்தைச் சொல்ல? பதினாறு வயசுப் பையனைக் கேட்டு லாரி ஓட்டினேன்னா? வாயை மூடிட்டு பரீட்சை எழுது."

"மாமா, நான் புத்தகத்துல—"

"தெரியும்டா" என்றார். "அன்னிக்கே தெரியும். நீ பொய் சொன்னா உன் காது ஆடும். எனக்கும் போகணும்னு இருந்துச்சு. முதல் பெரிய லோடு. அதான்."

மார்ச் 30

இன்று சரித்திரம் நடந்தது. எழுதி வைக்கிறேன்.

பள்ளி விட்டதும் நேராகப் பண்ணைக்குப் போனேன். மேனேஜர் அறைக் கதவை இரண்டு தட்டுத் தட்டி, "வரலாமா" என்று கேட்டு, பதிலுக்குக் காத்திராமல் உள்ளே போனேன். டாக்டரம்மாவும் இருந்தார். நடுவில் நின்று, குரல் நடுங்காமல் சொன்னேன்: மாமா தெரிந்து மீறவில்லை. என்னைக் கேட்டார். நான் புத்தகம் பார்த்ததாகப் பொய் சொன்னேன். தண்டனை என்றால் எனக்கு. மேனேஜர் எழுந்தே விட்டார். டாக்டரம்மா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "இந்த வயசுல இவ்வளவு தைரியமா" என்றார்.

வீட்டுக்கு நடந்து வந்தபோது என் நிழல் கொஞ்சம் நீளமாக இருந்தது.

மார்ச் 31

இன்று எழுத ஒன்றுமில்லை.

ஏப்ரல் 1

மாமா என்னைக் கேட்டதை அம்மாவிடம் சொன்னேன். பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள்.

"இன்னிக்கு என்ன தேதின்னு எனக்கும் தெரியும். போ அந்தப் பக்கம்" என்றாள்.

மறுபடி சொன்னேன். சிரிக்கக்கூட இல்லை அவள். மூன்றாவது முறை சொன்னபோது குழாயை மூடினாள். கை ஈரத்தைச் சேலையில் துடைத்தாள். அடிக்கவில்லை. "நாளைக்கு சட்டை மாத்திக்கிட்டு என்கூட வா" என்றாள். அவ்வளவுதான்.

ஏப்ரல் 4

இரண்டு நாளாக இந்தப் பக்கத்தைத் திறக்கவே கூச்சமாக இருந்தது. மார்ச் 30 அன்று எழுதியது பொய். ஒரு வரி விடாமல் பொய். அன்று பண்ணை வாசல் வரை போனது மட்டும் உண்மை. காலணியை நனைத்துப் போக வைத்திருக்கும் மருந்துத் தொட்டியில் கால் வைத்தேன், அதற்கு மேல் கால் வரவில்லை. அரை மணி நேரம் நின்றுவிட்டுத் திரும்பினேன். மருந்து பட்டுக் காலுறையெல்லாம் பழுப்பு.

இரண்டாம் தேதி, மாமாவை வெளியே உட்காரவைத்துவிட்டு, மேனேஜர் அறையில் அம்மாதான் பேசினாள். தம்பி என் மகனைக் கேட்டான், என் மகன் தெரியாமல் தெரிந்த மாதிரிச் சொன்னான், சாவடியில் காவலரும் அதையேதான் நினைத்தார், பத்து வருடம் வேலை பார்த்த எனக்கே அந்தச் சொல் தெரியாது. இதையே நிறுத்தி நிறுத்திச் சொன்னாள். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். டாக்டரம்மா, "அப்படியா தம்பி?" என்றார். வாயைத் திறந்தேன். காற்றுதான் வந்தது. தலையை ஆட்டினேன். அதுகூடச் சரியாக ஆட்டினேனா தெரியவில்லை.

இன்று கடிதம் வந்தது. "தெரிந்தே" என்பதை எடுத்துவிட்டு "கவனக்குறைவு" என்று போட்டிருக்கிறார்கள். வழக்கு இல்லை, லைசென்ஸ் இருக்கிறது. வேலை இல்லை. மாமா திங்கட்கிழமையிலிருந்து ஜல்லி லாரி ஓட்டப் போகிறார், நூறு மைல் தள்ளி. அங்கேயே தங்கல். அம்மா காலித் தட்டுகளைக் கழுவி வெயிலில் அடுக்குகிறாள். எப்போது மறுபடி முட்டை வரும் என்று யாருக்கும் தெரியாது.

பையை அடுக்கும்போது மாமா அம்மாவைக் கேட்டார்: "அன்னிக்கு உள்ளே இவன் பேசினானாக்கா?"

"பேசினான்" என்றாள் அம்மா, சட்டையை மடித்துக்கொண்டே. "நல்லாவே பேசினான்."

மாமா என் தோளில் ஒரு தட்டுத் தட்டினார்.

நான் பேசவில்லை மாமா. அப்போதும் இல்லை, நீங்கள் தட்டியபோதும் இல்லை.