உங்கள் இலையில் வைக்காத சுறாப்புட்டு

நாற்பத்தாறு வருஷம் பெயர் சொல்லாமல், "என்னங்க" என்று மட்டுமே கூப்பிட்ட என்னவருக்கு,

மூன்று வாரமாக உங்கள் சத்தம் இந்த வீட்டில் கேட்கிறது. வலி வந்தால் பல்லைக் கடித்து மூச்சை உள்ளே இழுப்பீர்களே, அந்த "ஸ்ஸ்". முதல் தடவை கேட்டது விடியும் நேரத்தில். பால் பாக்கெட் எடுக்க எழுந்து காலைத் தரையில் ஊன்றினேன். சத்தம் வந்தது. திரும்பி உங்கள் கட்டிலைப் பார்த்தேன். காலியாகத்தான் இருந்தது. சத்தம் என் வாயிலிருந்து வந்திருந்தது.

வலது கால் பெருவிரல். உங்களுக்கு வந்த அதே இடம். சிவந்து, பளபளத்து, அனலாகக் கொதித்தது. போர்வையின் நுனி பட்டால்கூடத் தாங்க முடியவில்லை. "போர்வ பட்டாலே உயிரு போவுது சரோஜா" என்று நீங்கள் சொன்னபோது, "போர்வை பட்டு யாரும் செத்ததில்லை" என்றேன். அந்த வார்த்தை இப்போது எனக்கே திரும்ப வருகிறது.

பண்ருட்டியிலிருந்து முந்திரி வரும் அட்டைப்பெட்டியில் ஒரு பக்கத்தை வெட்டி, காலுக்கு மேல் கவிழ்த்து, அதன்மேல் போர்வையைப் போட்டுக்கொள்வீர்கள். வருகிறவர்கள் பார்த்தால் என்ன நினைப்பார்கள் என்று நான் அதைக் குப்பையில் போடுவேன். நீங்கள் இன்னொன்று வெட்டுவீர்கள். நில அளவைத் துறையில் இருந்தவர், அளவு தப்பாது. இந்தத் தடவை நானே ஒன்று வெட்டினேன். எவ்வளவு அகலம், எவ்வளவு உயரம் என்று என் கைக்குத் தெரிந்திருந்தது. எனக்குப் பயமாக இருந்தது.

இரண்டு நாள் யாரிடமும் சொல்லவில்லை. மூன்றாம் நாள் நம் மகள் கீதா சிதம்பரத்திலிருந்து வந்துவிட்டாள்.

"என்னாம்மா, காலு இப்பிடி வீங்கிக் கெடக்குது? போன்ல ஏன் சொல்லல?"

"இடிச்சிக்கிட்டேன்."

"இடிச்சிக்கிட்டா இப்பிடியா செவக்கும்? அப்பாவுக்கு வந்ததுதான இது?" குனிந்து பார்த்தவள் நிமிர்ந்தாள். "உண்மைய சொல்லு. கருவாடு எதுனா சாப்ட்டியா? அப்பா மாதிரி, யாருக்கும் தெரியாம?"

நீங்கள் போனதிலிருந்து நான் அசைவம் தொட்டதில்லை. அது அவளுக்குத் தெரியும். இல்லை என்று சொன்னேன். இருந்தும் அவள் நம்பவில்லை. உதட்டை ஓரமாக இழுத்து, ஒற்றைப் புருவத்தைத் தூக்கி நின்றாள். அது என் முகம். உங்களுக்குக் கால் வலி வந்த பன்னிரண்டு வருஷமும் நீங்கள் பார்த்துக்கொண்டிருந்த முகம்.

சிதம்பரத்துக்கே என்னைக் கூட்டிப்போய்க் காட்டினாள். டாக்டர் ஒரு சின்னப் பெண். கீதா முந்திக்கொண்டு, "பத்தியம் இல்லாததாலதான டாக்டர் வருது?" என்று கேட்டாள்.

"சாப்பாடு ஒரு காரணம்தாங்க. பெரிய காரணம் அது இல்ல. யூரிக் ஆசிட்ட கிட்னி சரியா வெளிய தள்ளலன்னா மூட்டுல போய்ச் சேந்துக்கும். அம்மாவோட பிரஷர் மாத்திரை ஒண்ணும் அத ஜாஸ்தி பண்ணும். மாத்தித் தரேன். வெறும் கஞ்சி குடிச்சிட்டு இருக்கிறவங்களுக்கும் வரும்."

ஐஸைத் துணியில் சுற்றி வைக்கச் சொன்னாள். காலை உயர்த்தி வைத்து ஓய்வு. மருந்துக்கடையில் தானாக வலி மாத்திரை வாங்கக் கூடாது, கிட்னியைக் கெடுக்கும். அவள் எழுதித் தந்ததை வலி தொடங்கியதுமே போட வேண்டும், நாளைக்குப் பார்க்கலாம் என்று தள்ளக் கூடாது.

ஐஸ். நான் உங்களுக்கு வைத்தது வறுத்த உப்பு ஒத்தடம். "சூடு தாங்கல சரோஜா" என்றீர்கள். தாங்கினால்தான் குணமாகும் என்று அழுத்திப் பிடித்தேன்.

"அப்புறமா தெனமும் போட ஒரு மாத்திர ஆரம்பிப்போம். ஆரம்பிச்ச புதுசுல வலி திரும்ப வரலாம். பயந்து நிறுத்திடாதீங்க. நெறைய வீட்ல அங்கதான் தப்பு பண்றாங்க" என்றாள் டாக்டர்.

நாற்காலிக் கையைப் பிடித்துக்கொண்டேன். உங்களுக்கும் அப்படி ஒரு மாத்திரை கொடுத்தார்கள். இரண்டாம் மாதமே வலி திரும்பியது. ஒத்துக்கொள்ளவில்லை என்று தீர்ப்புச் சொல்லி நிறுத்தியவள் நான். அதன்பிறகு வலி வந்தபோதெல்லாம் எனக்கு ஒரே காரணம்தான் தெரிந்தது: நீங்கள் எங்கோ எதையோ ஒளிந்து தின்றிருக்கிறீர்கள்.

நான் படித்த கான்வென்ட்டில் சிஸ்டர்கள் எங்கள் நகத்தையும் கைக்குட்டையையும் பார்த்துத்தான் வகுப்புக்குள் விடுவார்கள். நான் உங்கள் விரல்களை மோந்து பார்த்து வீட்டுக்குள் விட்டேன். நீங்கள் சிரித்துக்கொண்டே கையை நீட்டினீர்கள். "பாத்துக்குங்க மதர்." போகப் போகச் சிரிப்பு நின்றது. கை மட்டும் நீண்டது.

ஒன்றை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. ஒரு வருஷம் அடைமழையில் மஞ்சக்குப்பத்தில் நம் தெருவில் நாலு நாள் முழங்கால் அளவு தண்ணீர் நின்றது. ஒரு கடை திறக்கவில்லை. வீட்டில் கஞ்சியும் துவையலும்தான். நாலாம் நாள் உங்கள் கால் வீங்கியது. என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்டேன்.

"கீதா தலமேல சத்தியம். நீ போட்டதத் தவிர ஒண்ணும் சாப்டல."

மறுபடி கேட்டேன். மதியம்வரை கேட்டேன். கடைசியில் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டு சொன்னீர்கள்: "ஆமா. ஓட்டல்ல மூள வறுவல் தின்னேன். போதுமா? என்ன வுடு."

எந்த ஓட்டல்? உங்கள் செருப்பு நாலு நாளாக அலமாரிமேல் காய்ந்து கிடந்தது. எழுந்து போகும்போது அது என் கண்ணில் பட்டது. பட்டும், ஜெயித்துவிட்டேன் என்றே போனேன். அன்று சாயங்காலமே கீதாவிடம் போனில் சொன்னேன். பிறகு மாப்பிள்ளையிடம். பிறகு வந்தவர் போனவரிடமெல்லாம்.

இன்றைக்கும் மாப்பிள்ளை, "மாமா கறிக்கட வழியா நடந்தாலே போதும், காலு வீங்கிக்கும் அத்த" என்பார். எல்லோரும் சிரிப்பார்கள். நானும் சிரித்திருக்கிறேன்.

உங்களைக் கொண்டு போனது இதயம், கால் இல்லை என்கிறார்கள். சரி. வலியோடு சேர்த்துப் பொய்யன் என்ற பெயரையும் பன்னிரண்டு வருஷம் சுமந்தீர்களே, அதற்கு நான் யாரிடம் மன்னிப்புக் கேட்பது?

நினைவு நாளில் போனவருக்குப் பிடித்ததைச் சமைத்துப் படைப்பது நம் வழக்கம். இரண்டு வருஷமாக உங்கள் படத்துக்கு முன்னால் என்ன வைத்தேன்? சுரைக்காய்க் கூட்டு, ரசம், மோர். புவனகிரியிலிருந்து வந்த உங்கள் தங்கை கேட்டாள்: "அண்ணனுக்கு சுறாப்புட்டுன்னா உயிரு அண்ணி. ஒரு கரண்டி வெக்கக் கூடாதா?"

"கால் வீங்கும்" என்றேன். பழக்கத்தில் வந்துவிட்டது.

"செத்தவங்களுக்கு ஏது அண்ணி காலு?"

ஒரு பார்வையில் அவளை அடக்கினேன். காக்கை மதிலில் உட்கார்ந்து இலையைப் பார்த்தது, போய்விட்டது. இரண்டு வருஷமும்.

ஐஸும் மாத்திரையுமாக என் வலி நாலைந்து நாளில் இறங்கிவிட்டது. இப்போது நன்றாக நடக்கிறேன். சத்தம் மட்டும் நிற்கவில்லை. அது என் வாயிலிருந்து வருவதும் இல்லை. உங்கள் கட்டில் பக்கமிருந்து வருகிறது. நான் கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லிச் சொல்லிக் களைத்துத்தான் இன்னும் அங்கேயே படுத்திருக்கிறீர்களா?

இதை எல்லோரும் படிக்கும்படி எழுதுவதற்குக் காரணம் உண்டு. பழியை எல்லோரும் கேட்கத்தான் சொன்னேன். திருப்பி எடுத்துக்கொள்வதும் அப்படித்தான் நடக்க வேண்டும்.

அடுத்த மாதம் மூன்றாம் வருஷப் படையல். கீதா, மாப்பிள்ளை, உங்கள் தங்கை எல்லோரையும் உட்கார வைத்து, அந்தச் செருப்பைப் பற்றிச் சொல்லப் போகிறேன். அவர் பொய் சொல்லவில்லை, நான்தான் தெரிந்தே நம்பாமல் இருந்தேன் என்று என் வாயால் சொல்வேன். அதற்குப் பிறகுதான் இலை போடுவேன். சுறாவை நானே வேகவைத்து உதிர்த்து, பூண்டு நிறையப் போட்டுப் புட்டாக்கி, நீங்கள் போதும் என்கிற அளவுக்கு வைப்பேன்.

உங்கள் விரலை மோந்து பார்க்க மாட்டேன். என்ன சாப்பிட்டீர்கள் என்று இனி ஒருநாளும் கேட்க மாட்டேன்.

நீங்கள் "மதர்" என்று கூப்பிட்ட,
உங்கள் மனைவி
சரோஜா