மணற்குடாவில் திரும்பாதவன் பங்கை ஏலமிட்ட சுங்கத் தலைவர்க்கு

திரை சூழ் நெய்தல்வள நாட்டை ஆளும் முத்தெழிலி நாச்சியார், மணற்குடாத் துறையின் சுங்கத் தலைவர் எயினன் காரியார்க்கு விடுக்கும் ஓலை. உம் துறைக்குக் காற்று நேராகுக, கலங்கள் பழுதின்றிக் கரை சேர்க, வலைகள் நிறைக. உம் நலத்தை மட்டும் இம்முறை வினவ மனம் வரவில்லை.

மணற்குடாவில் கரைவலை இழுத்து மீனைப் பகிரும்போது, கடலுக்குப் போய்த் திரும்பாதவனுக்கும் ஒரு பங்கை மணலில் வைப்பர். அவன் வீட்டார் வந்து எடுத்துச் செல்வர். எந்தச் சட்டத்திலும் இல்லாத வழக்கம். எம் முன்னோர் ஒருவரும் அதில் கைவைத்ததில்லை. பங்கு வைக்கும்வரை அவன் உயிரோடிருக்கிறான் என்பதே அவ்வூரார் துணிபு. பங்கு நின்றால் அவன் மனைவி தாலி களைய வேண்டும்.

நீரோ, ஆளின்றிக் கிடந்த மீனைக் கண்டு, உடையவனற்ற பொருள் அரசுக்கே உரியதென்று விதி பேசி, அள்ளி ஏலத்தில் விட்டீர். எடுக்க வந்த கொற்றியைக் கள்ளி என்று சாவடியில் அடைத்தீர். அவள் கணவன் சேந்தன் ஐப்பசிப் புயலில் சிக்கியவன். பங்கு நின்றதும், அரசே அவன் சாவை அறிவித்துவிட்டதென்று எண்ணி, அவன் உறவினர் வெள்ளைப் புடைவையோடு சாவடி வாசலுக்கே வந்தனராம். அவள் தப்பி ஓடி எம் அவை சேர்ந்து, கடலே சொல்லாத சாவைச் சுங்கச்சாவடி சொல்லலாமோ என்று கேட்டாள்.

போதாததற்கு, அம்மீனில் நல்லதாய்ப் பொறுக்கி எம் மடைப்பள்ளிக்குக் காணிக்கையென அனுப்பினீர். வேலியே பயிரை மேய்ந்தது. மேய்ந்ததில் எமக்கும் ஒரு வாய் ஊட்டினீரே! நெஞ்சு கொதிக்கிறது, காரியாரே.

ஆதலின் ஆணையிடுகின்றோம். திரும்பாதவர் பங்கை இனி எவரும் தீண்டற்க. நாளை முதல் நீரும் ஊராரோடு நின்று வலைக்கயிறு இழுப்பீராக. இழுத்ததற்கு உமக்குக் கிடைக்கும் மீனையும் சேந்தன் பெயர் சொல்லி உம் கையாலேயே மணலில் வைப்பீராக. எத்தனை நாள் என்று எம்மிடம் கேட்க வேண்டா. சேந்தன் வரும்வரை, அன்றேல் போதும் என்று கொற்றி சொல்லும்வரை.

இது எம் கைச்சாத்தும் சங்கு முத்திரையும் பெற்ற ஓலை. இதைக் கொண்டுவருபவள் கொற்றி. கழுத்தில் தாலியோடு வருகிறாள். எழுந்து நின்று வாங்கிக்கொள்க.